கஞ்சா மருந்து: கடல் கடந்து வருவதும் உள்ளூரில் செய்வதும்

கஞ்சாச் செடியிலிருந்து எடுத்த மருந்து இந்தியாவில் ஒரு நோயாளியின் கைக்குச் சட்டப்படி வந்து சேர இரண்டு வழிகள் உள்ளன. வெளிநாட்டில் செய்யப்பட்டது என்றால் அது புதிய ஆங்கில மருந்தாகக் கருதப்படும். தில்லியிலுள்ள மருந்துக் கட்டுப்பாட்டுத் தலைமை அதிகாரியின் ஒப்புதல் வேண்டும். போதைப்பொருள் பட்டியலில் வரும் சரக்கு என்றால் குவாலியரிலுள்ள போதைப்பொருள் ஆணையரின் அனுமதியும் வேண்டும். உள்நாட்டில் செய்யப்பட்டது என்றால் அது பெரும்பாலும் ஆயுர்வேத மருந்தாகவோ சித்த மருந்தாகவோ மாநில உரிம அதிகாரியின் கையெழுத்தோடு விற்பனைக்கு வந்துவிடும். கன்னியாகுமரி மாவட்டத்தின் கருங்கல் போன்ற ஊரில் ஆங்கில மருந்துக்கடையும் வைத்தியசாலையும் ஒரே சாலையில் இருக்கும். முதல் வகை மருந்து அந்த மருந்துக்கடையில் கிடைப்பது அபூர்வம். இரண்டாம் வகையை இணையத்தில் பதிவு செய்தால் கூரியரில் வீட்டுக்கே வந்துவிடும். ஒரே செடிக்கு இத்தனை வேறுபாடு ஏன் என்று புரிய வேண்டுமானால், சட்டம் அந்தச் செடியை எப்படிக் கூறுபோட்டிருக்கிறது என்பதை முதலில் பார்க்க வேண்டும்.

இலை வேறு, பூ வேறு

என்.டி.பி.எஸ். சட்டம் என்று சுருக்கமாக அழைக்கப்படும் போதைப்பொருள் தடுப்புச் சட்டம் 1985 நவம்பர் 14 அன்று நடைமுறைக்கு வந்தது. செடியிலிருந்து பிரித்தெடுத்த பிசினை அது சரஸ் என்கிறது. ஹஷிஷ் எண்ணெயும் இதில் அடங்கும். பூத்த அல்லது காய்த்த நுனிகளைக் கஞ்சா என்கிறது. இவற்றில் எதைக் கலந்து செய்த கலவையும் பானமும் அதே வரையறைக்குள் வருகின்றன. நுனியோடு சேராத இலையும் விதையும் வரையறைக்கு வெளியே நிற்கின்றன. 1961-ஆம் ஆண்டின் ஐ.நா. போதைப்பொருள் உடன்படிக்கையும் இதே கோட்டைத்தான் போட்டது. வட இந்தியாவில் பாங் குடிக்கும் பழக்கம் பழமையானது. அதைத் தடைசெய்வது நடக்கிற காரியமாக அன்றைய அரசுக்குத் தோன்றவில்லை. ராஜஸ்தானிலும் உத்தரப் பிரதேசத்திலும் இன்றும் அரசு உரிமம் பெற்ற பாங் கடைகள் இயங்குவது இந்த விலக்கின் பலத்தில்தான். இலையில் செய்த பாங் என்.டி.பி.எஸ். சட்டத்தின் கஞ்சா ஆகாது என்ற வாதத்தைக் கர்நாடக உயர் நீதிமன்றம் 2022 ஆகஸ்டில் ஒரு ஜாமீன் வழக்கில் ஏற்றுக்கொண்டது.

இந்தச் சலுகை எல்லா மாநிலத்துக்கும் ஒன்றுபோல் இல்லை. 1937-இல் சென்னை மாகாணத்தில் பிறந்து இன்று தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டம் என்று அழைக்கப்படும் சட்டம், இலையையும் பாங்கையும் சேர்த்தே போதைச் சரக்கு என்று வரையறுத்தது. பாங் கடை என்ற ஒன்றைத் தமிழ்நாட்டுக்காரர் பார்த்திருக்க வழியில்லை. மத்தியச் சட்டம் ஒதுக்கிவிட்ட இலையை மாநிலச் சட்டம் பிடித்துக்கொள்ளலாம் என்பதால், ஜெய்சால்மரில் உரிமத்தோடு விற்கும் பொருள் தமிழ்நாட்டில் வழக்காகவும் முடியலாம்.

என்.டி.பி.எஸ். சட்டத்தின் 8-ஆம் பிரிவு எல்லாவற்றையும் தடைசெய்துவிட்டு, மருத்துவத்துக்கும் அறிவியலுக்கும் மட்டும் இடம் விடுகிறது. அந்த இடத்தை யார் நிர்வகிப்பது என்பதில்தான் சுவாரசியம். அபினியைப் பயிரிடுவதை ஒழுங்குபடுத்தும் அதிகாரம் 9-ஆம் பிரிவின்படி மத்திய அரசிடம் இருக்கிறது. கஞ்சாச் செடியைப் பயிரிட அனுமதிப்பது, கஞ்சாவை உற்பத்தி செய்வது, வைத்திருப்பது, மாநில எல்லை தாண்டிக் கொண்டுவருவது, விற்பது எல்லாம் 10-ஆம் பிரிவின்படி மாநில அரசின் கையில். நாட்டின் எல்லையைத் தாண்டுகிற இறக்குமதியும் ஏற்றுமதியும் மட்டும் மீண்டும் மத்திய அரசிடம் போய்விடுகின்றன. களியக்காவிளை சோதனைச் சாவடியைத் தாண்டி வரும் சரக்குக்கு ஒரு அதிகாரி, தூத்துக்குடி துறைமுகத்தில் இறங்கும் சரக்குக்கு வேறு அதிகாரி என்று ஆகிறது.

அனுமதி இல்லாமல் இதில் கைவைத்தால் என்ன ஆகும் என்பதை 20-ஆம் பிரிவு சொல்கிறது. கஞ்சாவில் 1 கிலோ வரை சிறு அளவு. ஓராண்டு வரை சிறை. 20 கிலோவைத் தாண்டினால் வணிக அளவு. குறைந்தது 10 ஆண்டு, அதிகம் 20 ஆண்டு கடுங்காவல். இடைப்பட்ட அளவுக்கு 10 ஆண்டு வரை. சரஸ் என்றால் இந்த எல்லைகள் 100 கிராமும் 1 கிலோவுமாகச் சுருங்குகின்றன. பிசின் செறிந்த எண்ணெயை மருந்து என்று நம்பிப் புட்டியில் வாங்கி வைப்பவர், பூவை வைத்திருப்பவரைவிடப் பெரிய வழக்கில் சிக்க வாய்ப்பு இருக்கிறது.

வைத்தியசாலையின் வழி

கன்னியாகுமரி மாவட்டத்தின் மேற்குப் பகுதி வைத்தியத்துக்குப் பெயர்போனது. கருங்கல் 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தில் இருந்த ஊர். வர்மமும் சித்தமும் மலையாள நாட்டு ஆயுர்வேதமும் இங்கே கலந்து கிடக்கின்றன. பக்கத்து முஞ்சிறையில் சித்த மருத்துவக் கல்லூரியும், நாகர்கோவில் கோட்டாறில் அரசு ஆயுர்வேதக் கல்லூரியும் இருக்கின்றன. சித்த மருத்துவத்தில் கஞ்சாவைக் கோரக்கர் மூலி என்பார்கள். சுத்தி செய்யாமல் சேர்க்கக் கூடாத சரக்குகளில் அது ஒன்று. ஆயுர்வேதத்தில் விஜயா, பங்கா என்ற பெயர்களில் அது வரும்; இலையைத் தண்ணீரில் அலசி, பாலில் வேகவைத்து, நெய்யில் வறுத்துச் சேர்ப்பது வழக்கம்.

1940-ஆம் ஆண்டின் மருந்துகள் மற்றும் அழகுசாதனப் பொருட்கள் சட்டம் இந்த மருந்துகளுக்குத் தனி அத்தியாயம் ஒதுக்கியிருக்கிறது. ஆயுர்வேத, சித்த, யுனானி முறைகளின் நச்சுச் சரக்குகளைப் பட்டியலிடும் இணைப்புக்கு ஈ(1) என்று பெயர். ஆயுர்வேதப் பகுதியில் பங்காவும், சித்தப் பகுதியில் அபினி, எட்டி, லிங்கம் போன்றவற்றோடு கஞ்சாவும் இருக்கின்றன. இந்தப் பட்டியலில் இருப்பது தடை ஆகாது. இவற்றைச் சேர்த்துச் செய்த உள்மருந்தின் மேல், மருத்துவர் கண்காணிப்பில் மட்டுமே உட்கொள்ள வேண்டும் என்ற எச்சரிக்கையைத் தெளிவாக அச்சிட வேண்டும் என்பதே விதி. எந்த மொழியில் என்பதையும் விதியே சொல்கிறது: ஆங்கிலம், இந்தி. கருங்கல் சந்தைக்கு வரும் பாட்டிக்கு இந்த இரண்டில் எது உதவும் என்று விதியை எழுதியவர்கள் யோசித்ததாகத் தெரியவில்லை.

உற்பத்திக்கு மாநில உரிம அதிகாரியிடம் உரிமம் வாங்க வேண்டும். இணைப்பு டி என்ற நல்லுற்பத்தி நெறிகளைப் பின்பற்ற வேண்டும். சட்டம் ஏற்றுக்கொண்ட பழைய நூல்களில் உள்ளபடியே செய்தால், அது வேலை செய்கிறது என்று நிரூபிக்கத் தனி ஆய்வு கேட்பதில்லை, நூலே சான்று. நிறுவனம் தன் சொந்தக் கலவையை வேறு பெயரில் விற்றால், அதில் ஈ(1) சரக்கு இருந்தால், பாதுகாப்பு ஆய்வும் பயன் குறித்த ஆதாரமும் தர வேண்டும் என்று 2010-இல் சேர்த்த 158-பி விதி கூறுகிறது. விற்கும் இடத்துக்கு உரிமமே வேண்டாம். ஆங்கில மருந்துக்கடை தொடங்க உரிமமும் மருந்தாளுநரும் வேண்டும் என்றால், ஆயுர்வேத, சித்த மருந்துகளை விற்க மளிகைக்கடைக்காரரே போதும். இணையத்தில் விஜயா எண்ணெயும் விஜயா மாத்திரையும் பெருகியதற்கு இதுதான் வாய்ப்பளித்தது.

பரம்பரை வைத்தியர்களுக்கு இன்னொரு சலுகையும் உண்டு. தம் சொந்த நோயாளிகளுக்காகத் தாமே மருந்து செய்து கொடுக்கும் வைத்தியருக்கு உற்பத்தி உரிமம் தேவையில்லை என்கிறது அதே 1940 சட்டத்தின் 33-இஇசி பிரிவு. மாவட்டத்தின் பல வைத்தியசாலைகளில் லேகியம் கிண்டப்படுவது இந்த விலக்கின் கீழ்தான். ஆனால் அது மருந்துச் சட்டம் தரும் விலக்கு மட்டுமே, என்.டி.பி.எஸ். சட்டத்துக்கு அது பொருந்தாது. ஓலைச்சுவடியில் கஞ்சா என்று எழுதியிருக்கிறது, நோயாளியும் தம்முடையவர்தான் என்று ஒரு ஆசான் சொன்னாலும், அனுமதி இல்லாத பூநுனி அவர் வீட்டில் இருந்தால் அது குற்றமே. நோக்கம் மருத்துவமாக இருப்பது போதாது, மாநில அரசின் எழுத்துபூர்வ அனுமதியும் வேண்டும். இந்த வேறுபாடு புரியாமல் மாட்டிக்கொள்பவர்களும், புரிந்தே லேகியம் என்ற பெயரில் போதை விற்பவர்களும் உண்டு. இரண்டாம் வகையினரால் முதல் வகையினரின் பெயரும் கெடுகிறது.

இறக்குமதியின் வழி

உலகில் கஞ்சாச் செடியிலிருந்து பிறந்து நவீன மருந்தாக ஒப்புதல் பெற்றவை விரல்விட்டு எண்ணக்கூடியவை. பிரிட்டனின் ஜி.டபிள்யூ. பார்மசூட்டிகல்ஸ் செய்த சேட்டிவெக்ஸ் வாயில் தெளிக்கும் மருந்து. மல்டிபிள் ஸ்கிளிரோசிஸ் நோயாளிகளின் தசை இறுக்கத்துக்கு உரியது. 2010-இல் பிரிட்டனில் அனுமதி பெற்றது. அதே நிறுவனத்தின் எபிடியோலெக்ஸ், போதை தராத கன்னாபிடியோல் என்ற சேர்மத்தைத் தூய நிலையில் கொண்ட திரவ மருந்து. லெனாக்ஸ்-காஸ்டா, டிரவே என்ற இரண்டு கடுமையான வலிப்பு நோய்களுக்காக 2018 ஜூன் 25 அன்று அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் அதை ஏற்றது. செயற்கையாகச் செய்த டி.எச்.சி.யான டிரோனாபினால், புற்றுநோய் மருந்துகளால் வரும் வாந்திக்கு 1985 முதலே அமெரிக்காவில் இருக்கிறது. போதைக்குக் காரணமான சேர்மம் இந்த டி.எச்.சி.தான்.

இப்படியொரு மருந்தை இந்தியாவுக்குக் கொண்டுவர விரும்பும் நிறுவனம் 2019-ஆம் ஆண்டின் புதிய மருந்துகள் மற்றும் மருத்துவப் பரிசோதனைகள் விதிகளின்படி விண்ணப்பிக்க வேண்டும். இந்தியாவில் இதுவரை பயன்பாட்டில் இல்லாத மருந்து என்பதால், வெளிநாட்டுப் பரிசோதனை முடிவுகளோடு, தேவைப்பட்டால் இந்திய நோயாளிகளிடம் நடத்திய பரிசோதனையையும் காட்ட வேண்டும். அயல்நாட்டுத் தொழிற்சாலைக்குப் பதிவுச் சான்று, இறக்குமதியாளருக்கு உரிமம் என்று தாள்கள் வளரும். ஒப்புதல் பெறாத மருந்தை, உயிருக்கு ஆபத்தான நோயில் இருப்பவருக்காக ஒரு அரசு மருத்துவமனையோ மருத்துவ நிறுவனமோ சிறு அளவில் வரவழைக்கவும் அதே விதிகளில் இடம் இருக்கிறது. நோயாளி தன் சொந்த உபயோகத்துக்கு, மருத்துவரின் சீட்டோடு விண்ணப்பித்து, சராசரியாக நூறு வேளைக்கு மிகாத மருந்தை வரவழைக்கலாம் என்று மருந்து விதிகள் பொதுவாகச் சொல்கின்றன. ஆனால் போதைப்பொருள் பட்டியலில் இருக்கும் சரக்குக்கு இந்தப் பொது விதி மட்டும் துணைநிற்காது.

அங்கேதான் குவாலியர் வருகிறது. நிதி அமைச்சகத்தின் வருவாய்த் துறைக்குக் கீழே இயங்கும் மத்திய போதைப்பொருள் அலுவலகத்தின் தலைமையிடம் அது. செய்திகளில் அடிபடும் போதைப்பொருள் கட்டுப்பாட்டுப் பிரிவு வேறு. அது உள்துறைக்குக் கீழே கடத்தலைப் பிடிக்கிற அமைப்பு. போதைப்பொருள் பட்டியலிலுள்ள மருந்து ஒவ்வொரு முறை இறக்குமதியாகும்போதும் குவாலியரிலுள்ள ஆணையர் சான்றிதழ் தர வேண்டும். அதைப் பார்த்த பிறகே ஏற்றுமதி செய்யும் நாடு தன் அனுமதியைத் தரும். 1961 உடன்படிக்கையின் 31-ஆம் பிரிவு உலகம் முழுவதும் வகுத்த நடைமுறை இது. ஆண்டுக்கு எவ்வளவு தேவை என்ற மதிப்பீட்டை வியன்னாவிலுள்ள சர்வதேசப் போதைப்பொருள் கட்டுப்பாட்டு வாரியத்துக்கு ஒவ்வொரு நாடும் முன்கூட்டியே அனுப்புகிறது. மதிப்பீட்டைத் தாண்டிச் சரக்கு நகரக் கூடாது.

கஞ்சாவுக்கு இதற்கும் மேல் ஒரு பூட்டு உண்டு. 1985-ஆம் ஆண்டின் என்.டி.பி.எஸ். விதிகள், கோக்கோ இலையையும் கஞ்சாவையும் இன்னும் சில பொருட்களையும் முதல் இணைப்பில் வைத்து, அவற்றின் இறக்குமதியையும் ஏற்றுமதியையும் பொதுவாகவே தடைசெய்கின்றன. ஆய்வு, தடயவியல் சோதனை போன்ற குறுகிய தேவைகளுக்கு மட்டுமே சிறப்பு விதிகள் வழிவிடுகின்றன. உலர்ந்த பூவையோ முழுச் செடிச் சாற்றையோ வெளிநாட்டிலிருந்து வரவழைத்து இந்திய மருந்துக்கடையில் விற்பது இதனால் நடக்காத காரியம். கன்னாபிடியோலின் பெயர் போதைப்பொருள் பட்டியலில் தனியாக இல்லை. அதனால் தூய மருந்துக்குக் கதவு சற்றுத் திறந்திருக்கிறது எனலாம். ஆனால் பூவிலிருந்து எடுத்த சாறு, அதில் தங்கிய டி.எச்.சி. என்ற கேள்விகள் சுங்கத்தில் எழாமல் போகாது. ஆன்லைனில் வெளிநாட்டுக் கடையில் பணம் கட்டிவிட்டு எண்ணெய்க்குக் காத்திருப்பவர் பார்சலுக்குப் பதில் நோட்டீஸைப் பெறக்கூடும்.

2020 டிசம்பர் 2 அன்று ஐ.நா. போதைப்பொருள் ஆணையம், கஞ்சாவை மிக ஆபத்தான பொருட்களின் நான்காம் பட்டியலிலிருந்து நீக்கியது. 27 நாடுகள் ஆதரவு, 25 எதிர்ப்பு, ஒன்று நடுநிலை. இந்தியா ஆதரித்தது. அப்போது பலர் இனி இந்தியாவில் கதவு திறந்துவிடும் என்று எழுதினார்கள். நடந்தது அதுவல்ல. முதல் பட்டியலில் கஞ்சா அப்படியே தொடர்கிறது. இந்தியச் சட்டத்தில் அந்த வாக்கினால் ஒரு வரியும் மாறவில்லை.

அபினிக்கு இருப்பது கஞ்சாவுக்கு இல்லை

1961 உடன்படிக்கையின் 28-ஆம் பிரிவு, கஞ்சா பயிரிட அனுமதிக்கும் நாடு அபினிக்குரிய அதே கட்டுப்பாட்டைக் கஞ்சாவுக்கும் வைக்க வேண்டும் என்கிறது. ஒரு தேசிய அமைப்பு உரிமம் தர வேண்டும், நிலத்தைக் குறிக்க வேண்டும், அறுவடை முடிந்து நான்கு மாதத்துக்குள் விளைச்சலை விலைகொடுத்து எடுத்துக்கொள்ள வேண்டும். அபினியில் இந்தியாவுக்கு இது கைவந்த வேலை. மத்தியப் பிரதேசம், ராஜஸ்தான், உத்தரப் பிரதேச விவசாயிகள் உரிமம் பெற்றுப் பயிரிட்டு, முழு அபினியையும் மத்திய போதைப்பொருள் அலுவலகத்திடம் ஒப்படைக்கிறார்கள். நீமுச்சிலும் காஜிப்பூரிலும் அரசு ஆலைகள் அதைப் பதப்படுத்துகின்றன. அந்த அபினியிலிருந்து கிடைக்கும் மார்பின், புற்றுநோய் வலியில் துடிப்பவர்களுக்குப் போய்ச் சேர நெடுங்காலம் சிரமப்பட்டது. மாநிலத்துக்கு மாநிலம் வேறு உரிமம், வேறு விதி. திருவனந்தபுரத்தின் டாக்டர் எம். ஆர். ராஜகோபாலும் அவர் நிறுவிய பாலியம் இந்தியாவும் பல ஆண்டுகள் போராடிய பிறகு 2014-இல் சட்டம் திருத்தப்பட்டது. அத்தியாவசியப் போதைமருந்துகள் என்று ஒரு வகை உண்டாக்கி, நாடு முழுவதற்கும் ஒரே விதி வந்தது. மார்பின், ஃபென்டனில், மெத்தடோன், ஆக்ஸிகோடோன், கோடீன், ஹைட்ரோகோடோன் ஆகிய ஆறும் அதில் உள்ளன. கஞ்சா இல்லை.

கஞ்சாவைப் பொறுத்தவரை ஒவ்வொரு மாநிலமும் தன் போக்கில் போகிறது. உத்தராகண்ட் 2018-இல் நாருக்காகவும் விதைக்காகவும் ஹெம்ப் பயிரிட முதல் உரிமத்தைத் தந்தது, செடியில் டி.எச்.சி. 0.3 சதவீதத்தைத் தாண்டக் கூடாது என்பது நிபந்தனை. மத்தியச் சட்டத்தின் 14-ஆம் பிரிவு தொழில் தேவைக்கு அளிக்கும் விலக்கு அதற்கு ஆதாரம். விதையையும் விதை எண்ணெயையும் உணவாக விற்க உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2021 நவம்பரில் தரம் வகுத்தது. இமாச்சலப் பிரதேசத்தில் வருவாய் அமைச்சர் ஜகத் சிங் நேகி தலைமையிலான குழுவின் அறிக்கையை 2024 செப்டம்பரில் சட்டமன்றம் ஏற்றது. மருத்துவத்துக்கும் தொழிலுக்குமான சாகுபடியைப் பாலம்பூர், நவுணி பல்கலைக்கழகங்கள் மூலம் சோதிக்கும் முடிவு அதைத் தொடர்ந்தது. ஜம்முவில் சி.எஸ்.ஐ.ஆர். நிறுவனமான இந்திய ஒருங்கிணைந்த மருத்துவக் கழகம் சத்தா பண்ணையில் கனடா நிறுவனம் ஒன்றோடு சேர்ந்து மருந்துத் தரக் கஞ்சாவை வளர்த்து ஆராய்கிறது. தமிழ்நாட்டில் இப்படியொரு முயற்சி இல்லை. நூற்றுமுப்பது ஆண்டுக்கு முந்தைய நிலை வேறு. 1893-94-இல் 1,193 சாட்சிகளை விசாரித்த இந்தியக் கஞ்சா ஆணையம், வட ஆற்காட்டு ஜவ்வாது மலையில் மலையாளிப் பழங்குடியினர் அதைப் பயிரிட்டதைப் பதிவுசெய்தது. முழுத் தடை வேண்டாம், உரிமமும் வரியும் போதும் என்பது அந்த ஆணையத்தின் முடிவு.

பிற நாடுகள் இரண்டையும் எப்படி நிறுத்துகின்றன

இறக்குமதிக்கும் உள்நாட்டுச் சரக்குக்கும் இடையிலான போட்டியை வெளிப்படையாகச் சந்தித்த நாடு ஆஸ்திரேலியா. 2016 அக்டோபர் 30 முதல் அங்கே மருத்துவக் கஞ்சாவைப் பயிரிட உரிமம் தரப்படுகிறது. போதைப்பொருள் கட்டுப்பாட்டு அலுவலகம் பயிருக்கும் இறக்குமதிக்கும் அனுமதி தருகிறது. மருந்துத் தரத்தை டி.ஜி.ஏ. என்ற அமைப்பு பார்க்கிறது. பூச்சிமருந்து எச்சம், பூஞ்சை நச்சு, கன உலோகம் எவ்வளவு இருக்கலாம், லேபிளில் சொன்ன டி.எச்.சி.க்கும் உள்ளே இருப்பதற்கும் எவ்வளவு வித்தியாசம் இருக்கலாம் என்பதை 2017-இல் வெளியிட்ட டி.ஜி.ஓ. 93 ஆணை வகுத்தது. அது இரு தரப்புக்கும் பொது. ஆனால் நல்லுற்பத்தி நெறிச் சான்றை உள்நாட்டுத் தொழிற்சாலையிடம் கண்டிப்பாகக் கேட்டவர்கள், கப்பலில் வந்ததிடம் அதே கண்டிப்பைக் காட்டவில்லை. உள்ளூர்க்காரர்கள் பணம் செலவழித்துத் தரம் காத்தார்கள். கனடாவிலிருந்து வந்தது மலிவாக விற்றது. முறையீடுகளுக்குப் பிறகு ஆணை திருத்தப்பட்டு, 2023 ஜூலை 1 முதல் இறக்குமதியான கஞ்சா மருந்துகளும் அதற்கு இணையான உற்பத்தித் தரச் சான்றைக் காட்ட வேண்டியதாயிற்று. அங்கே முறையாகப் பதிவுபெற்ற கஞ்சா மருந்துகள் சேட்டிவெக்ஸும் எபிடியோலெக்ஸும் மட்டுமே என்பதையும் சேர்த்தே நினைக்க வேண்டும். மற்றவற்றை மருத்துவர் சிறப்பு அனுமதியின் பேரில்தான் எழுதுகிறார்.

பிரிட்டனின் கதை வேடிக்கையானது. சேட்டிவெக்ஸுக்காக அந்த நாடு பல ஆண்டுகள் கஞ்சாவைத் தன் மண்ணிலேயே வளர்த்தது. ஆனால் 2018 ஜூனில் வலிப்பு நோயுள்ள ஒரு சிறுவனுக்காகக் கனடாவிலிருந்து தாய் கொண்டுவந்த எண்ணெய் ஹீத்ரோ விமான நிலையத்தில் பறிமுதலானது. நாடே கொந்தளித்த பிறகு, 2018 நவம்பர் 1 முதல் சிறப்பு மருத்துவர்கள் கஞ்சா மருந்தை எழுத அனுமதி வந்தது. ஜெர்மனியில் 2017 முதல் மருந்து நிர்வாகத்துக்குள்ளேயே ஒரு கஞ்சா முகமை இயங்கியது. மூன்று நிறுவனங்கள் ஒப்பந்தத்தில் வளர்த்ததை அரசே வாங்கி மருந்துக்கடைகளுக்குக் கொடுத்தது. 2024 ஏப்ரல் 1 முதல் ஒப்பந்தமுறை போய் உரிமமுறை வந்தது. மருத்துவக் கஞ்சா போதைமருந்துச் சீட்டு வேண்டாத சாதாரண மருந்தானது. அதன் பின் இறக்குமதி பெருகியது.

இலங்கையின் வழி இந்தியாவுக்கு மிக அருகில் இருக்கிறது. அங்கே ஆயுர்வேத வைத்தியர்களுக்குக் கஞ்சா ஆயுர்வேதத் திணைக்களத்தின் மூலம் கிடைக்கும். நீதிமன்றங்களில் பறிமுதலாகிக் கிடந்த சரக்குதான் அது. வழக்கு முடிந்து வருவதற்குள் வீரியம் போய்விடுகிறது என்று வைத்தியர்கள் குறை சொன்னதால், அரசே பயிரிடும் திட்டத்தை 2017-இல் அன்றைய சுகாதார அமைச்சர் ராஜித சேனாரத்ன அறிவித்தார். 2025-இல் முதலீட்டுச் சபையின் கீழ் ஏற்றுமதிக்கு மட்டும் வளர்க்கும் திட்டம் தொடங்கியது. உள்ளூர் நோயாளிக்குப் பறிமுதல் சரக்கு, வெளிநாட்டாருக்குப் புதிய விளைச்சல்!

இந்த நாடுகளோடு ஒப்பிட்டால் இந்தியாவின் குறை கடுமையின்மை அல்ல. தண்டனையில் இந்தியச் சட்டம் கடுமையானதே. குறை, ஒரே அளவுகோல் இல்லாமைதான். கப்பலில் வரும் கன்னாபிடியோல் புட்டி, மில்லிகிராம் கணக்கில் பரிசோதனை முடிவுகளைக் காட்டிவிட்டு வாசலில் காத்திருக்கிறது. உள்நாட்டு விஜயா எண்ணெய் பழைய நூலின் பெயரைச் சொல்லி உள்ளே வந்துவிடுகிறது. இரண்டையும் குடிப்பது ஒரே வலிப்பு நோயாளியாக இருக்கலாம். கன்னாபிடியோல் சிலருக்குக் கல்லீரல் நொதிகளை உயர்த்தும். வால்ப்ரோயேட் மாத்திரை சாப்பிடுபவருக்கு இந்த ஆபத்து அதிகம். குளோபசாமின் வீரியத்தையும் அது கூட்டி, நோயாளியைத் தூக்கத்தில் ஆழ்த்தும். இந்த எச்சரிக்கைகள் இறக்குமதி மருந்தின் உள்தாளில் இருக்கும். உள்நாட்டுப் புட்டியில் பெரும்பாலும் இருப்பதில்லை. எந்த வாசல் வழியாக வந்தாலும் ஒவ்வொரு தொகுதியிலும் டி.எச்.சி., கன்னாபிடியோல் அளவைச் சோதித்து லேபிளில் போட வைப்பதும், எச்சரிக்கையை அந்தந்த மாநில மொழியில் அச்சிட வைப்பதும் பெரிய சீர்திருத்தம் ஒன்றும் அல்ல. இருக்கிற விதிகளில் இரண்டு வரி சேர்த்தால் முடிகிற வேலை.

வலிப்பு, புற்றுநோய், நீரிழிவு போன்றவற்றைக் குணப்படுத்துவதாக எந்த மருந்துக்கும் விளம்பரம் செய்வதை 1954-ஆம் ஆண்டின் ஆட்சேபகரமான விளம்பரங்கள் சட்டம் தடைசெய்கிறது. விஜயா எண்ணெய்க்கு அப்படியொரு விளம்பரம் கண்ணில் பட்டால், விற்பவர் சட்டத்தை மீறுகிறார் என்று கொள்ளலாம். வலிப்புக்கு ஏற்கெனவே மாத்திரை சாப்பிடுபவர், அதை எழுதித் தந்த மருத்துவரிடம் சொல்லாமல் எந்தக் கஞ்சா மருந்தையும் தொடங்கக் கூடாது; பழைய மாத்திரையைத் தானாக நிறுத்தவும் கூடாது.

கருங்கல் வட்டாரத்திலிருந்து வளைகுடாவுக்கும் சிங்கப்பூருக்கும் வேலைக்குப் போகிறவர்கள் பெட்டியில் லேகியமும் தைலமும் எடுத்துச் செல்வது வழக்கம். விஜயா, பங்கா, கஞ்சா, கன்னாபிஸ் ஆகிய பெயர்களில் எது லேபிளில் இருந்தாலும் அந்தப் புட்டியை வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள். இந்திய ஆயுர்வேத உரிமம் இந்திய எல்லைக்குள் மட்டுமே செல்லும். சிங்கப்பூரில் 500 கிராமுக்கு மேல் கஞ்சா கடத்தினால் தண்டனை தூக்கு; அதைவிடக் குறைந்த அளவுக்கும் நீண்ட சிறை உண்டு. லேபிளே இல்லாத லேகியம் என்றால், அதில் என்ன இருக்கிறது என்று செய்து கொடுத்த வைத்தியரிடம் கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். அவர் சொல்லத் தயங்கினால் எடுத்துப் போகாதீர்கள்.